இரிடியம் 0.3

செக்காலை ரோட்டில், மருந்துக்கடை மாடியில்
எங்கள் நகைக்கடன் கிளை.
மதியம் மூன்றேகால். கரண்ட் போய்த் திரும்பியிருந்தது.
எக்ஸ்ரே பெட்டிக்குள் மோதிரத்தை வைத்து
மூடியைச் சாத்தினேன்.
முப்பது நொடி.
உள்ளே இருப்பவர்களை அது
பெயர் சொல்லிக் கூப்பிட்டுவிடும்.

தங்கம் எண்பத்தொன்பது.
வெள்ளி எட்டு.
செம்பு மூன்றுக்குக் கொஞ்சம் குறைவு.
கடைசி வரியில், சிவப்பு எழுத்தில்,
இரிடியம்: பூஜ்ஜியம் புள்ளி மூன்று.

சுற்றறிக்கை பதினேழு சொல்கிறது:
இரிடியம் இருந்தால் திருப்பிக் கொடு.
பொன்னோடு கலக்காது,
எடையோடு மட்டும் சேர்ந்துகொள்ளும்.
ஈயத்தைப்போல் இரண்டு பங்கு கனம்.
பொடியாய்த் தூவி உருக்கிவிட்டால்
உரைகல்லும் ஏமாந்துபோகும்.

எதிரே சிகப்பி.
தேவகோட்டை ரஸ்தாவில்
மின் ஆட்டோக்களுக்கு பேட்டரி கட்டிக் கொடுப்பவள்.
விரல் நுனியெல்லாம் பற்றவைத்த தழும்பு.
"நாளைக்குக் காலையில லாரி வருது.
முந்நூறு லித்தியம் செல்லு.
பணத்தைப் பார்த்தாத்தான் இறக்குவான்."

லித்தியம்.
உலோகங்களிலேயே லேசு.
தண்ணீரில் போட்டால் மிதக்கும்,
மிதந்துகொண்டே சீறும்.
அதை வாங்கப் போனவளை
மூழ்குவதில் முதல் வரிசைக்காரன்
வழிமறித்து நிற்கிறான்.

லென்ஸை எடுத்தேன்.
கள்ளப்பொடி என்றால்
மணல் இறைத்ததுபோல் எங்கும் கிடக்கும்.
இங்கே ஒன்றே ஒன்று.
வளையத்தின் உட்புறம்,
ரவையில் பாதி, ஒரு வெள்ளைப் புள்ளி.
ஊசியால் கீறினேன். ஊசிதான் வழுக்கியது.
மோதிரத்தை அரைச்சுற்றுத் திருப்பி
மறுபடி பெட்டிக்குள் வைத்தேன்.
கடைசி வரி காலி.

ஆற்றுப்பொன்.
மலை உடைந்து வெள்ளத்தில் உருளும்போது
கனமானது கனமானதோடு ஒதுங்கும்.
ஏதோ ஒரு மணல் வளைவில்
இரண்டும் பக்கத்தில் பக்கத்தில் படுத்திருக்கின்றன.
அரித்தவன் பிரிக்கவில்லை.
உருக்கியவனின் உலையில்
ஆயிரத்துச் சொச்சம் டிகிரிக்குப் பொன் இளகியது;
இது இன்னும் அதே அளவு சூடு கேட்டு
இறுகிக் கிடந்தது.

"எந்த ஊர்ப் பொன்னு இது?"
"ஐராவதிப் பக்கம்னு வீட்டுல பேச்சு.
பேச்சுதான். பத்திரம் கித்திரம் இல்ல."

என் படிவத்தில்
மாசு என்று எழுத ஒரு கட்டம் இருக்கிறது.
ஆறு என்று எழுத இல்லை.

திருச்சிக்குப் போன் போட்டேன்.
"இரிடியம் இருக்கா, இல்லையா?"
"இருக்கு சார், ஆனா..."
"இருக்குன்னா இல்ல."

பல வண்ணத்தில் உப்புகள் தந்ததால்
வானவில்லின் பெயரை இதற்கு வைத்தார்களாம்.
கல்லூரியில் ஒரு மதிப்பெண்ணுக்குப் படித்தது.
எங்கள் திரையில் இதற்கு ஒரே நிறம்.

சிகப்பி கையை நீட்டி
மோதிரத்தை வாங்கிப் பார்த்தாள்.
"அதை மட்டும் நோண்டி எடுத்துட்டா?"

மாடிப்படிக்குக் கீழே நாகலிங்கம் பட்டறை.
நாற்பது நிமிடம். இரண்டு துளைமுனை உடைந்தது.
உடைந்த முனைகளுக்கும் சேர்த்துக்
கூலி கேட்டார்.
அவள் பேரம் பேசாமல் கொடுத்தாள்.
சுற்றிலும் கொஞ்சம் பொன்னைக் குடைந்துதான்
அந்தப் புள்ளி வெளியே வந்தது.

மூன்றாம் முறை பெட்டி.
சிவப்பு இல்லை.
கடன் ரூபாய் நாற்பத்தோராயிரம்,
ஆண்டுக்குப் பதினொன்றரை வட்டி.
குழி விழுந்த மோதிரம்
உறைக்குள் போய், அரக்கு வாங்கி,
இரும்பு அறைக்குள் போனது.

புள்ளியை ஒட்டுநாடாவில் பிடித்து
ரசீதின் பின்பக்கம் ஒட்டியிருந்தாள்.
"இது எவ்வளவு இருக்கும்?"
விற்க அல்ல, சும்மா கேட்டாள்.

நாடாவோடு தராசில் வைத்தேன்,
நாடாவின் எடையைக் கழித்தேன்,
மின்விசிறியை நிறுத்தினேன்,
இருவரும் மூச்சைப் பிடித்துக்கொண்டோம்.

உலகின் கனத்த உலோகங்களில் ஒன்று.
0.00 என்றது தராசு.

"பரவால்ல" என்று மடித்து
ஜாக்கெட்டுக்குள் வைத்துக்கொண்டு
லாரிக்காரனுக்குப் போன் போட்டபடி
படியிறங்கினாள்.