துப்பும் கிண்ணம்

"இன்று எத்தனை இடம்?" என்று
பரந்தன் சந்தியிலேயே கேட்டுவிட்டார் குவாபாரா.
மூன்று, என்றேன்.
மூன்றும் தவறணைகள் என்பதை
எப்படிச் சொல்வதென்று
குடமுருட்டிப் பாலம் தாண்டும்வரை யோசித்தேன்.
நகோயாவில் ஆறு வருடம்
சாப்பாட்டுப் பெட்டி அடுக்கியபடி பொறுக்கிய மொழி என்னுடையது.
அதில் மன்னிப்புக்கு ஏழு சொல் இருக்கிறது.
கள்ளுக்கு இல்லை.

ஹயஸ் வானுக்குள் ஐந்து பேர்.
ஐவரும் சாக்கே வடிப்பவர்கள்.
காலையிலிருந்து தேநீர்கூடத் தொடாதவர்கள்,
நாக்குக் கெட்டுவிடுமாம்.
சாரதி நிமலரூபன் மட்டும்
வாய் நிறைய வெற்றிலை.

பூநகரியில் முதல் தவறணை.
யோகமலர் அக்கா முட்டியைச் சரித்தா.
அவர்கள் பைக்குள்ளிருந்து எடுத்த வெள்ளைக் கிண்ணங்களின் அடியில்
இரண்டு நீல வளையம்.
வளையம் துலக்கமாகத் தெரிந்தால் நல்ல வடிப்பு
என்று குனிந்து பார்த்தார்கள்.
கள்ளு அதை ஒரே மூச்சில் மூடிவிட்டது.
ஒரு தேனீ மட்டும் நீந்தியது.

முகர்ந்தார்கள்.
வாய்க்குள் உருட்டினார்கள்,
பல்லிடுக்கால் காற்றை உறிஞ்சினார்கள்,
பிறகு, எல்லோரும் பார்த்திருக்க,
துப்பினார்கள்.

வாங்கில் இருந்த நாலு பேரும்
ஒன்றாக நிமிர்ந்தார்கள்.
"என்ன தங்கச்சி, புளிச்சிட்டோ?"
இல்லை அண்ணை, இது அவையின்ர முறை.
விழுங்கினால் மூண்டாவது இடத்தில நடக்கேலாது.
"நடக்கிறதுக்கோ இஞ்ச வாறது?"

குவாபாரா கேட்டார்: உங்கள் நீர் எங்கிருந்து?
அவருடைய ஊரில் நீர்தான் எல்லாம்.
மலைப்பனி உருகி
நாற்பது வருடம் மண்ணுக்குள் நடந்து
கிணற்றுக்கு வருமாம்.
யோகமலர் அக்கா கையைத் துடைத்தா.
"இஞ்ச கிணறெல்லாம் உவர்.
குடிக்கிற தண்ணி செவ்வாயும் வெள்ளியும் பவுசரில வரும்.
மரம் எங்க போய்க் குடிக்குதெண்டு
மரத்தைத்தான் கேக்கவேணும்."
கடைசி வரியை மட்டும் மொழிபெயர்த்தேன்.
ஐவரும் எழுதிக்கொண்டார்கள்.

பிறகு அவர் தன் போத்தலைத் திறந்தார்.
அரிசியில வடிச்சது, என்றேன்.
வாங்கு நெருங்கி வந்தது.
அரிசி என்றால் பூநகரியில் எல்லோரும் நிபுணர்.
எத்தனை மாத நெல்லு?
மொட்டைக்கறுப்பனில வருமோ?
அவர் பெருமையாகச் சொன்னார்:
மூன்று நாள் தீட்டுவோம்,
ஒவ்வொரு மணியிலும் பாதிக்கு மேல் மாவாய்ப் போய்விடும்,
நடுவிலுள்ள வெள்ளை மட்டும் போதும்.

என் நாக்கு நின்றது.

இந்த வாங்கில் இருப்பவர்கள்
ஒரு காலம் கஞ்சிக்கு வரிசையில் நின்றவர்கள்.
கோப்பைக்குள் எத்தனை பருக்கை கிடந்ததென்று
இன்றைக்கும் சொல்லக்கூடியவர்கள்.

"நல்லாத் தீட்டுவினமாம்" என்றேன்.
"அவ்வளவோ?" என்றா யோகமலர் அக்கா.
அவருடைய விரல்
பாதி என்று காட்டியதைக் கண்டிருந்தா.
"மிச்சப் பாதி?"

கேட்டேன்.
அப்பளம்போல ஒன்று சுடுவார்களாம்,
மாட்டுக்கும் கொஞ்சம் போகுமாம்,
எறிவதில்லையாம்.
"அப்ப சரி" என்று
பிளாவை நீட்டினா.

துப்பவில்லை.
கொஞ்சநேரம் கண்ணை மூடியிருந்தா.
"மழைத்தண்ணி மாதிரிக் கிடக்கு.
ஆனா கள்ள மழை."

கள்ளு, கள்ளம், கள்ளன்,
எல்லாம் ஒரே வீட்டுப் பிள்ளைகள்போல ஒலிக்கும்
என்று விளக்கத் தொடங்கி
பாதியில் விட்டுவிட்டேன்.
யாரும் கேட்கவில்லை.
குவாபாரா துப்பும் கிண்ணத்தைக் கழுவிக்கொண்டு வந்து
அதையே முட்டிக்குக் கீழே பிடித்தார்.
நிமலரூபன் வானைப் பூட்டிவிட்டு
மர நிழலில் படுத்தான்.

பின்னேரம் மற்ற இரண்டு தவறணைக்கும்
போன் எடுத்தேன்.
எங்களுக்கென்று முட்டி இறக்கி வைத்திருந்தார்களாம்.
கள்ளு காத்திருக்காது.
ஏழு சொல் தெரிந்தவள்
தமிழில் ஒன்றுக்குத் தடவினேன்.