தாமதக் கட்டணம்

சம்மாந்துறை நூலகத்துக்கு அறிக்கை வந்தது.
இருநூற்றுப் பன்னிரண்டு பக்கம்.
தமிழுக்குப் பதினொன்று, அதுவும் கடைசியில்.

ஆறாம் மாதிரி: பாலத்தடி வாய்க்கால்.
நெல் அவித்த தண்ணி
'அனுமதிக்கத்தக்க அளவுக்குச் சற்று மேல்'.
நூலகர் நஸீலா அந்தச் சற்றுக்கு அடியில்
பென்சிலால் கோடு போட்டாள்.
பாலத்தடியில்தான் அவள் வீடு,
ஜன்னல் திறக்கிறதில்லை.

மறுகா மில்லுக் கிளாக்கர் இப்றாலெப்பை வந்து
புத்தகத்தை இரவல் கொண்டு போனார்.
நாலு மாதமாயிற்று.
திங்கள்தோறும் வருகிறார்,
நாளுக்கு ஒரு ரூபாய் தண்டம்,
சில்லறை பிசகாமல்.

மாசுபடுத்துபவரே செலுத்த வேண்டும்:
அந்தப் பதினொன்றில் எங்கோ வாசித்த ஞாபகம்.
பற்றுச்சீட்டு எழுதுகிறாள்.
ஏழு ரூபாய்.

வாங்கிய குற்றிகளில் அவியல் நாற்றம்.
அவர் வீடும்
பாலத்துக்கு அந்தப் பக்கம்தான்.