கஞ்ச வீட்டுக்காரர்

சாய்நாதபுரத்தில் மாடி போர்ஷன்.
மூன்று வருஷம், நூற்று நாற்பத்தோரு எபிசோடு,
தண்ணித் தொட்டி நிழலில் உட்கார்ந்து எழுதியது.

சீரியலில் வருகிற கஞ்ச வீட்டுக்காரர்
கீழ்வீட்டு ஏகாம்பரம்தான்.
மோட்டார் சுவிட்சுக்குப் பூட்டு போட்டது,
வாசலில் விருந்தாளி செருப்பை எண்ணித்
தண்ணிக்குக் காசு கேட்டது
ஒன்றுகூட என் கற்பனை இல்லை.
மீசையை மட்டும் எடுத்துவிட்டேன்.

ஞாயிறு பத்தரைக்குக் கீழேயும் டிவி ஓடும்.
ஒரு திங்கட்கிழமை படியேறி வந்தார்.
காலி பண்ணச் சொல்வார் என்று பாத்திரங்களைப் பார்த்தேன்.
“இன்னாப்பா, பல்பு மேட்டர உட்டுட்டியே?”

அப்புறம் வாரம் ஒன்று வரும்,
பழைய கரண்ட் பில்லின் பின்பக்கம் எழுதி.
பாதி நன்றாக இருக்கும்.
அதை நான் சொன்னதில்லை.

நானே தயாரிக்கிறேன் என்று கிளம்பினேன்.
தலைக்கு எண்ணெய் விற்கிற கம்பெனி
பதின்மூன்றாம் வாரம் கை கழுவியது.
கேமராக்காரன் ஆம்பூருக்குக்
கல்யாண வீடியோ எடுக்கப் போனான்.
திலகவதியின் வளையல்
லாங் பஜார் அடகுக்கடையில்
போனது போனதுதான்.

அந்த ஏழு மாதம் ஏகாம்பரம் வாடகை கேட்கவில்லை.
இதை எந்த எபிசோடில் வைப்பது?
கேரக்டர் கெட்டுவிடும்.

போன மாதம் சி.எம்.சி. வார்டில் பார்த்தேன்.
மூக்கில் குழாய்.
நர்ஸிடம் என்னைக் காட்டி
“நம்ம ரைட்டரு” என்றார்.
விரலால் கிட்டே கூப்பிட்டார். குனிந்தேன்.
“ஏழு மாசம் பாக்கி கீது.”

சிரிப்பு வரவேண்டிய இடத்தில்
சரியாக நிறுத்தினார்.
எனக்குத்தான்
பாகாயம் பஸ் ஏறி உட்கார்ந்த பிறகு வந்தது.