பதினெட்டு

பிப்ரவரி. ஆஷ்டாரக்கில் இன்னும் பனி
சுவரின் வடக்கு ஓரத்தில் மட்டும் ஒட்டிக் கிடக்கிறது.
நான் எண்ணுகிறேன்: பதினேழு.
ஹ்மாயக்கின் மரத்தில், ஒற்றை இலையும் இல்லாத கிளைகளில்
போன கோடையிலேயே அழுகிச் சுருங்கியும்
விழ மறுத்த ஆப்ரிகாட் கனிகள்.
பிடுங்காமல் விட்ட சொத்தைப் பற்கள்.

பகலெல்லாம் பிறர் வாய்க்குள் பார்ப்பது என் பிழைப்பு.
டாக்டருக்கு விளக்குப் பிடிப்பேன்,
கருவிகளைக் கொதிக்க வைப்பேன்.
வலிக்காத பல்லைக் காட்ட ஒருவர்கூட
இதுவரை எங்கள் படி ஏறியதில்லை.

மரத்துக்கு வலித்தால் யாருக்குக் கேட்கும்?
பட்டையில் ஒரு சொட்டுப் பிசின்,
தேன் நிறத்தில், அழகாகக்கூட இருக்கும்.
பிள்ளைகள் பிய்த்து மெல்வார்கள்.
கண்ணீர் என்பார்கள்.
நான் வேலை செய்யும் இடத்தில் அதற்குச் சீழ் என்று பெயர்.

என் பக்கத்து வேலையை முடித்துவிட்டேன்.
நவம்பரிலேயே சருகைக் கூட்டிக் கொளுத்தினேன்.
அடிமரத்துக்குச் சுண்ணாம்பு பூசினேன்:
குளிர்கால வெயில் பகலில் பட்டையைச் சுடும்,
இரவு அதை வெடிக்க வைக்கும்,
வெடிப்பில் பூஞ்சை குடியேறும், வாடகை தராமல்.
காய்ந்த கிளையைக் காய்ந்த இடத்தோடு விடாமல்
பச்சைக்குள் இன்னும் ஒரு சாண் இறங்கி வெட்டினேன்.
ஒரு சாண்.
அங்கேதான் கை தயங்கும்.
அந்த ஒரு சாணில்தான் போன வருஷம் தோற்றேன்.

ஒவ்வொரு வெட்டுக்கும் இடையில் ரம்பத்தைத் துடைக்க
மல்பெரிச் சாராயம்.
பாட்டில் இறங்க இறங்க க்னெலின் முகமும் இறங்கியது.
"ரம்பத்துக்கு இவ்வளவா?"
"உன்னைவிடக் குறைவாகத்தான் குடிக்கிறது."

எல்லாம் சரி.
பதினேழு?

நாங்களும் ஹ்மாயக்கும் பேசி நான்கு வருஷம்.
வாய்க்கால் தண்ணீர் எங்களுக்குச் செவ்வாயா புதனா,
அவ்வளவுதான் காரணம்.
சொன்னால் நீங்கள் சிரிப்பீர்கள்.
நாங்கள் சிரிக்கவில்லை.
பூத்திருக்கும்போது ஒரு மழை போதும்,
அந்தக் கறுத்த கனிகளிலிருந்து சாம்பல் போல் எழுந்து வரும்.
சுவர் யார் பெயரில் என்று பத்திரம் கேட்காது.
செவ்வாய் அதற்குத் தெரியாது. புதனும் தெரியாது.

நேற்று, விளக்கு வைத்த பிறகு,
ஏணியைச் சுவரைத் தாண்டி இறக்கினேன்.
திருடிக்கு வேண்டிய எல்லாம் என்னிடம் இருந்தது:
சாக்கு, கையுறை, படபடப்பு.
திருடத்தான் ஒன்றுமில்லை.
ஒவ்வொன்றாகக் காம்போடு பறித்துச் சாக்கில் போட்டேன்,
கூழாங்கல் சத்தம்.
பதினாறு, பதினேழு, போதும் என்று இறங்கும்போது
டார்ச் வெளிச்சம்.
என் முகத்தில் அல்ல.
மரத்துக்கு அந்தப்புறம், என் சுவரிலிருந்து
எந்நாளும் தெரியாத ஒரு கவட்டையில்.

"பதினெட்டு," என்றார் ஹ்மாயக்.

நான்கு வருஷத்தில் அதுதான் முதல் வார்த்தை.
பறித்தேன். டார்ச் அணைந்தது. கதவு சாத்தியது.

இன்று காலை மயில்துத்தம் கரைத்து
சுண்ணாம்புப் பாலோடு சேர்த்தேன்,
பிளாஸ்டிக் வாளிக்குள் வானம் இறங்கியது.
கத்தி நுனியை முக்கினால் செம்பு ஏறிச் சிவந்தது.
இன்னொரு பிடி சுண்ணாம்பு.
மறுபடி முக்கினேன். கத்தி கத்தியாகவே வந்தது.
மொட்டு வாய் திறக்குமுன் தெளித்தால் மருந்து.
திறந்த பிறகு தெளித்தால் தண்டனை.

என் மரத்துக்கு அவ்வளவு வேண்டாம்.
அளவு தெரியாமல் கலக்கவுமில்லை.
மிச்ச வாளியைச் சுவர்மேல் வைத்தேன்,
நாளைக்கு ஆகாது இது, இன்றே தீர வேண்டும் என்று
யாருக்கும் சொல்லாமல், உரக்கச் சொல்லிவிட்டு.

வேலை முடிந்து வந்தபோது வாளி கழுவிக் கவிழ்த்திருந்தது.
துடைப்பத்தால் அடித்திருக்கிறார் போல,
அவர் வீட்டுச் சுவர், கோழிக்கூண்டு, ஒரு நாற்காலி,
எல்லாம் நீலப் புள்ளி.
மரத்தில் பாதி வரை நீலம்.
மேலே, முதலில் பூக்கிற நுனிகளில்
ஒரு சொட்டும் எட்டவில்லை.

ஏணி என்னிடம் இருக்கிறது.