பழுப்பு மை

கோபன்ஹேகன். ஆயிரத்துத் தொள்ளாயிரத்துப் பதினாலு, பிப்ரவரி.
வெஸ்டர்ப்ரோவில் எங்கள் அச்சகம்.
ஈயத்தூசுக்கு முறிவென்று
காலையில் ஆளுக்கு ஒரு குவளை பால் தருவார்கள்.
குடித்துவிட்டு நான் காகசஸுக்குப் போவேன்.

போவேன் என்றால்,
தீரா க்ராகெலுண் எழுதிய நோட்டுப் புத்தகம்
என் எழுத்துப் பெட்டிக்கு மேல் சாய்ந்திருக்கும்.
அவள் ஏறிய கணவாய் ஒவ்வொன்றையும்
தலைகீழாய், கண்ணாடியில் தெரிவதுபோல்
கோத்துக்கொண்டே ஏறுவேன்.
வரிக்கு நாற்பத்தெட்டு எழுத்து. மூச்சு வாங்கும்.

அறுபதாம் பக்கம்வரை நீல மை.
அறுபத்தொன்றில் பழுப்பு.
காப்பி கொட்டியதோ என்று முகர்ந்து பார்த்தேன்.
காப்பி இல்லை.

லத்பாரிக் கணவாயில் கோவேறு கழுதை சறுக்கியதும்
மைக்கூடு உடைந்ததும்
அச்சுக்குப் போகிற பகுதி.
பிறகு, குறுக்கே கோடிழுத்து அடித்த பத்தி ஒன்று.
அடித்ததைப் படிப்பது என் வேலையில்லை.
படித்தேன்.

மரேஹி என்று ஒருத்தி.
உஷ்குலியில், கல் கோபுரத்துக்குக் கீழே
மாடும் மனிதரும் ஒரே கூரையில் குளிர்காயும் வீடு.
கம்பளிக்குச் சாயம் ஏற்ற வைத்திருந்த
அக்ரூட் தொலியைப் பானையில் போட்டு,
துருப்பிடித்த லாட ஆணி இரண்டும் போட்டு,
இரவெல்லாம் கொதிக்கவிட்டு,
விடிந்ததும் முட்டை ஓட்டில் ஊற்றி நீட்டினாளாம்:
"இந்தா, எழுது."

தொலி எங்கிருந்து வந்தது என்று தீரா கேட்டிருக்கிறாள்.
கணவாய்க்கு அந்தப் பக்கத்திலிருந்து.
உப்பு வாங்கப் போகும்போது கொண்டுவருவேன்.
எத்தனை முறை போயிருக்கிறாய்?
விரல் விட்டாள். இரண்டு கையும் போதவில்லை.
ஒருமுறை வயிற்றில் பிள்ளையோடு.
ஒருமுறை திரும்பும்போது பனிப்புயல்;
"உப்பு நனைந்துவிடக் கூடாதே,
விடியும்வரை அதன்மேல் படுத்திருந்தேன்."

அவளை யாரும் பயணி என்று சொன்னதில்லை.
உப்புக்குப் போனாள் என்பார்கள்,
விறகுக்குப் போனாள் என்பதுபோல.
அதே கணவாயை ஒரே ஒருமுறை கடந்த தீராவுக்குப்
புவியியல் சங்கத்தில் அடுத்த வியாழன் உரை.
நுழைவுச் சீட்டையும் நான்தான் கோத்தேன்.

தீராவைக் குறை சொல்லவில்லை.
அச்சகத்துக்கு வந்தபோது
இடது காலைத் தாங்கித் தாங்கித்தான் நடந்தாள்.
அண்ணன் காசு தர மறுத்ததும்
தன் பங்கு வெள்ளிக் கரண்டிகளை விற்றுப் போனவள்.
பெண் எழுதிய புத்தகம் என்றால்
துணைக்கு வந்தது யார் என்பதே முதல் கேள்வி.
ஒருவரும் இல்லை என்று காட்ட
ஒருத்தியை அடிக்க வேண்டியிருந்ததோ என்னவோ.

ஆனால் ஒரு வரி தப்பியிருந்தது.
"மை தீர்ந்தது. நாங்கள் சமாளித்தோம்."
முந்நூறு பக்கத்தில்
அந்த ஓர் இடத்தில் மட்டும் நாங்கள்.
பதிப்பாசிரியர் ஹோல்ஸ்டெட் அதைப் பென்சிலால் வட்டமிட்டு
ஓரத்தில் எழுதியிருந்தார்: நான்.
நியாயம்தான். யார் இந்த நாங்கள் என்று
வாசகர் குழம்பக்கூடும்.

எங்கள் மொழியில் வினைச்சொல்
ஆளுக்கு ஆள் வால் மாற்றிக்கொள்வதில்லை;
அந்த ஒரு சொல்லை மாற்றினால் போதும்.
இன்னொரு விசித்திரமும் உண்டு:
நானுக்கு மூன்று எழுத்து.
நாங்களுக்கு இரண்டே.

வரி ஏற்கெனவே இறுக்கம்,
மூன்று நுழைய இடமில்லை
என்று சொல்லிக்கொள்ளலாம்.
சொல்லிக்கொண்டேன்.
இரண்டு ஈயத் துண்டுகளை எடுத்துத்
தலைகீழாய் நிறுத்தினேன்.

மெய்ப்புத் தாள் போய்த் திரும்பி வந்தது.
ஹோல்ஸ்டெட் கண்ணில் படவில்லை,
அவர் காற்புள்ளிகளைத் துரத்திக்கொண்டிருந்தார்.
தீரா பார்த்திருக்கிறாள்.
அந்த வரிக்குப் பக்கத்தில்
திருத்தம் எதுவும் இல்லை.
கடுகளவில் ஒரு புள்ளி,
பழுப்பில்.

இன்னும் கொஞ்சம் மிச்சம் வைத்திருக்கிறாள்.