வாராக்கடன்

பை நிரம்பிவிட்டது என்கிறது போன்.
ஐந்நூறுக்கு ஐந்நூறு.
ஒன்றைக் கழித்தால்தான் இனி ஒன்றைப் பிடிக்கலாம்.

காளவாசல் சிக்னலில் வண்டியை அணைக்காமல்
ஹெல்மெட் கண்ணாடியை ஏற்றிவிட்டுப் பார்க்கிறேன்:
ஒரு நீலமயில், இரண்டு தேவாங்கு,
அழகர்மலை அடிவாரம் வரை பெட்ரோல் செலவழித்துப் பிடித்த
ஒற்றை மலையணில்.
மிச்சமெல்லாம் ஓணான்.
நானூற்றுச் சொச்சம் ஓணான்.

வேலியில் போனதை எடுத்து வேட்டிக்குள் விட்டவன்
குத்துதே குடையுதே என்றானாம்.
நான் சுடிதாரின் பக்கப் பையில் விட்டிருக்கிறேன்.

யாரும் தேடிப்போய் ஓணான் பிடிப்பதில்லை.
காத்திருக்கிறவர்களுக்கு அது தானாக வரும்.
குழுக் கடன் வசூலில் காத்திருப்பதுதான் வேலை,
கதவைத் தட்டுவது கால் நிமிஷம்.
உள்ளே டிவிச் சத்தம் சட்டென்று நிற்கும்.
வாசலில் செருப்புகள் இருக்கும், ஆட்கள் இருக்கமாட்டார்கள்.
வண்டிமேல் சாய்ந்து போனைத் திறப்பேன்.
திரையில், அதே வீட்டுப் படியில்,
தலையாட்டிக்கொண்டு ஒன்று நிற்கும்.

வயிற்றைத் தொட்டால்
பிடித்த இடமும் நேரமும் காட்டுகிறது.
செல்லூர், செவ்வாய், காலை ஏழு பத்து.
செல்லூர், அடுத்த செவ்வாய், ஏழு எட்டு.
அதற்கடுத்த செவ்வாய்.
மஹபூப்பாளையம், ஜைத்தூன் பீவி வீட்டெதிரே
பதினொன்று, எல்லாம் ஒரே மழை மாதத்தில்.
ஆபீஸ் நோட்டு தொலைந்தால்கூட
இதை வைத்தே நிலுவை எழுதிவிடலாம்.

டவுன்ஹால் ரோட்டில் போன் உறை விற்கும் ஹாரூன் சொன்னான்:
"ரெண்டு ஸ்டாருக்குக் கீழ எல்லாம் குப்பைக்கா.
ஓணான்னு தேடுங்க, மொத்தமாத் தட்டுங்க, கலைச்சிருங்க.
ஒண்ணுக்கு மூணு தூள் வரும்."
தூளை வைத்து என்ன செய்ய?
"இருக்கிற ஓணானப் பெருசாக்கலாம்."

வில்லாபுரம் வீட்டு மொட்டைமாடி, இரவு பத்தரை.
கலைக்கவா? திரும்பப் பெற முடியாது.
ஆம்.
எங்கள் கிளையில் இதற்கு ஆறு கையெழுத்து வேண்டும்.
மேனேஜர் தங்கமாரி, அவருக்கு மேலே ஒருவர்,
திருச்சிக்கு ஒரு கோப்பு.
அப்புறமும் போகாது. பெயரை மட்டும் மாற்றிக்கொண்டு
வேறு பக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்ளும்.
இங்கே ஒரு விரல் போதும்.
ஜைத்தூன் பீவியின் பதினொன்றும் போயின.
செல்லூர்ச் சந்து காலியாயிற்று.
இத்தனை லேசாக அந்தத் தெருவை
நான் ஒருநாளும் கடந்ததில்லை.

பிறகு இது.
ஐராவதநல்லூர், ஆகஸ்ட் பதினாறு,
பகல் பதினொன்று நாற்பத்திரண்டு.
ஒரே நட்சத்திரம். வால்நுனி இல்லாதது.

அன்றைக்குக் கதவு திறந்தது.
இருளாயி வெளியே வந்து, இல்லை என்றுகூடச் சொல்லாமல்,
ஈரக் கையைப் புடவையில் துடைத்தபடியே நின்றாள்.
அவள் பையன் என் முழங்கைக்கு அடியில் நுழைந்து
"இது எங்க வீட்டுப் படி" என்றான்.
"ஓணான் எங்களது இல்ல."
நான் சிரித்து முடிப்பதற்குள் விரலை இழுத்து
ஒரே வீச்சில் பிடித்துவிட்டான்.

கட்டாத காரணம் என்று நோட்டில் ஒரு கட்டம்.
மறுப்பு என்று எழுதினால் அடுத்த வாரம்
நாலு ஆண்கள் போவார்கள்.
வீடு பூட்டியிருந்தது என்று எழுதினேன்.
அடுத்த வாரம் நிஜமாகவே பூட்டியிருந்தது.
திருப்பூர் என்றார்கள் பக்கத்து வீட்டில்.
எதிர்வீட்டில் ஈரோடு என்றார்கள்.

கலைக்கவா?
அதன் கீழே, பொடி எழுத்தில்: பெயரிடு.

பையன் பெயரை நான் கேட்கவேயில்லை.
பன்னிரண்டு எழுத்துக்குள் இருக்க வேண்டுமாம்.
பூட்டிய வீடு என்று அடித்தேன்.
இடம் மிச்சமிருந்தது.