துளையற்றது

வாழைப்பழம் மூச்சு விடும்.
அதனால்தான் பெட்டியின் பக்கத்துக்கு நாலு துளை,
அடியில் ஒரு பெரிய வாய்.
துரான் நகரில், ஆற்றுக்கு இக்கரையில்,
பதினோரு வருஷமாய் இந்தப் பெட்டிகளுக்குக்
கணக்கெழுதுகிறவள் நான்.

ஏப்ரலில் ஒரு செவ்வாய்க்கிழமை
முதலாளி ஹோல்கெர் அலுவலக வாசலில் நின்று
முகக்கவசத்துக்குள்ளிருந்து சொன்னார்:
"குவயாகிலில் பலகை தீர்ந்துவிட்டதாம்."
எதற்கான பலகை என்று யாரும் கேட்கவில்லை.
மூன்று நாளாய் அக்கரையிலிருந்து
ஃபோன் வந்தபடி இருந்தது,
வீட்டுக்குள் வைத்துக்கொண்டு
காத்திருப்பவர்களிடமிருந்து.

அளவு வேண்டுமே.
எங்களில் நெட்டையன் செகுந்தோ தொமாலா
விரித்த அட்டையின்மேல் மல்லாந்து படுத்தான்.
எலோய்சா பென்சிலால் சுற்றிக் கோடிழுத்தாள்.
"தோள்ல கொஞ்சம் தாராளமா விடு" என்றான்,
தையல்காரரிடம் சொல்வதுபோல்.
யாரோ சிரித்தார்கள்.
எழுந்து முதுகைத் தட்டிக்கொண்டு
கைகழுவப் போனவன்
வெகுநேரம் திரும்பவில்லை.

காலை ஷிப்டு பழத்துக்கு. கப்பல் நிற்காது.
மாலை ஷிப்டு இதற்கு.
அதே பசை, அதே பழுப்புத் தாள்.
பதினெட்டுக் கிலோ தாங்கும் அட்டை
இனி எத்தனை தாங்க வேண்டும்?
அடுக்கை மட்டும் கூட்டினார்கள், எண்ணைச் சொல்லாமல்.
பச்சை மையில் அச்சாகும் எங்கள் கிளியை
எடுத்துவிடச் சொன்னேன்.
துளைபோடும் அச்சை எடுக்க
ஒருவருக்கும் ஞாபகம் வரவில்லை.

முதல் பெட்டி
நாலு துளையோடு வந்து விழுந்தது.
இயந்திரத்தை நிறுத்தினார்கள்.
அப்படியொரு அமைதியை அந்தக் கொட்டகையில்
நான் கேட்டதில்லை.

எனக்கு வேறு தொல்லை.
கணினி பொருளின் பெயர் கேட்டது.
பெட்டி, பெரியது, துளையற்றது என்று அடித்தேன்.
எண்ணிக்கை இருநூறு.
விலை பூஜ்ஜியம்.
பூஜ்ஜியம் செல்லாது என்றது, சிவப்பு எழுத்தில்.
மறுபடி அடித்தேன். மறுபடி சிவப்பு.
வெளியே நகராட்சி லாரி உறுமிக்கொண்டிருந்தது.
ரசீது இல்லாமல் கேட் திறக்காது.
ஒரு சென்ட் என்று போட்டேன்.
சரி என்றது.
ஆக இரண்டு டாலர்.
கைப்பையிலிருந்து எடுத்துக் கல்லாவில் வைத்தேன்.

மறுநாள் இருநூறுக்குத் தொமாலா கொடுத்தான்.
அதற்கடுத்த நாள் முந்நூற்றைம்பது.
ஹோல்கெர் பையைத் தடவித் தடவிச் சில்லறை எண்ணினார்.
எங்கள் சம்பளம் பாதி என்பதை
அன்று காலைதான் சொல்லியிருந்தார்.
கோபம் அப்படியேதான் இருந்தது.
சில்லறையை வாங்கிக்கொண்டேன்.

ஒன்றைச் சொல்ல விட்டேன்.
அந்த முதல் பெட்டியைக் கிழித்துப் போடலாம் என்று
ஓரமாய்ச் சாய்த்து வைத்திருந்தோம்.
லாரிக்காரர் எட்டிப் பார்த்து
அதையும் ஏற்றுங்கள் என்றார்.
"துளை இருக்கே" என்றாள் எலோய்சா.
"இருக்கட்டும்" என்றார்.

இருநூற்று ஒன்று.
அது மட்டும்
என் கணக்கில் இல்லை.